ஆத்துப்பாக்கத்தில் ஏறிய கொடி



ஊரில் பிரச்சினை என்றால் தாலுகா ஆபீசில் சமாதானக் கூட்டம் போடுவார்கள். அடித்தவனும் அடிபட்டவனும் ஒரே தாளில் கையெழுத்திட வேண்டும். பறிபோனது திரும்பாது, ஊர் அமைதியாகிவிட்டதாகக் கோப்பு மூடப்படும். நம் வட்டாரத்து வரலாற்றில் வேறு வழியும் இருந்திருக்கிறது.

1891இல் செங்கல்பட்டு கலெக்டர் ட்ரெமன்ஹீர் சேரி மக்களின் நிலை பற்றி அரசுக்கு அறிக்கை எழுதினார். திருவள்ளூர் அன்று அந்த மாவட்டத்தில்தான் இருந்தது, பிரிந்தது 1997இல். குடியிருக்கும் மனைகூட மிராசுதாருடையது, எதிர்த்துப் பேசினால் குடிசை போய்விடும் என்பதை அவர் கண்டார். இரு தரப்பும் ஒற்றுமையாக இருங்கள் என்று உபதேசிக்கவில்லை. நிலம் கொடுங்கள் என்றார். 1892 செப்டம்பர் 30 அன்று அரசாணை வந்தது. பத்தாண்டுகளுக்கு விற்கக் கூடாது, பிறகும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கே விற்கலாம் என்பது நிபந்தனை. அதுதான் பஞ்சமி நிலம். அந்த நிபந்தனையை மதிக்கவைக்க 102 ஆண்டுகள் கழித்தும் போராட வேண்டியிருந்தது. 1994இல் காரணை நிலமீட்புப் போராட்டத்தில் ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிரிழந்தார்கள்.

கும்மிடிப்பூண்டி ஒன்றியத்துக்கு வருகிறேன். ஆத்துப்பாக்கம் ஊராட்சித் தலைவராக வென்ற அமிர்தம் அம்மாள் 2020 ஆகஸ்ட் 15 அன்று தேசியக் கொடி ஏற்ற முடியாமல் தடுக்கப்பட்டார். தலித் என்பதுதான் காரணம். அவர் வாய்மூடி இருக்கவில்லை. செய்தி வெளிவந்தது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்கும் கைதும் நடந்தன. ஆகஸ்ட் 20 அன்று கலெக்டர் மகேஸ்வரி ரவிக்குமார் முன்னிலையில் அமிர்தம் கொடி ஏற்றினார். வெறும் சடங்கு என்று சிலர் சொன்னார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. எந்தக் கயிறு அவர் கைக்கு மறுக்கப்பட்டதோ, அதே கயிறு அவர் கைக்கு வந்தது. அதோடு, குற்றத்துக்கு வழக்கும் இருந்தது. சமாதானக் கூட்டத்தில் இந்த இரண்டும் கிடைப்பதில்லை.

தோக்கமூரிலும் இதுதான் நடந்தது. திரௌபதி அம்மன் கோயிலை ஒட்டி எழுப்பிய தீண்டாமைச் சுவர் பேச்சில் விழவில்லை. தீண்டாமை ஒழிப்பு முன்னணி போராட்டம் அறிவித்த பிறகே, 2023 அக்டோபரில் நிர்வாகம் அதை இடித்தது.

சுவர் விழுந்தது, கொடி ஏறியது. நிலம்? சிப்காட் வந்தபின் இங்கே சென்ட் என்ன விலை என்று உங்களுக்குத் தெரியும். டி.சி. நிலம் என்று குறித்த சர்வே எண்கள் 'அ' பதிவேட்டில் உண்டு. உங்கள் ஊர்ப் பதிவேட்டின் நகலை எடுத்து வாருங்கள். அடுத்த கூட்டத்தில் அதை உட்கார்ந்து படிப்போம்.