கேமராவுக்கு முன்னாலிருந்து பதிப்பாளர் நாற்காலிக்கு

பழைய தொலைபேசிக் கட்டண முறைகளைப் பற்றி இரண்டு வாரமாகத் தோண்டிக்கொண்டிருக்கிறேன். (ஆபீஸ் வேலைக்கும் இதுக்கும் சம்பந்தமில்லை, சும்மா ஒரு பைத்தியம்தான்.) அமெரிக்காவின் 976 எண்களின் கதையைப் பிடித்துப் போனால், அது என்னைக் கொண்டுபோய் நிறுத்திய இடம் குளோரியா லியோனார்ட் என்ற முன்னாள் நீலப்பட நடிகை.

1940-இல் நியூயார்க்கின் பிராங்க்ஸில் பிறந்தவர். வால் ஸ்ட்ரீட்டில் பங்குத் தரகு வேலை, எலெக்ட்ரா இசைத்தட்டு நிறுவனத்துக்கு விளம்பரக் குறிப்புகள் எழுதும் வேலை என்று இருந்துவிட்டு, முப்பதுகளின் நடுவில்தான் இந்தப் படங்களுக்கு வருகிறார். மகளைத் தனியாக வளர்த்தவர். ராட்லி மெட்ஸ்கரின் 1976 படமான 'தி ஓப்பனிங் ஆஃப் மிஸ்டி பீத்தோவன்' அவருடைய பேர் சொல்லும் படங்களில் ஒன்று.

1977-இல் 'ஹை சொசைட்டி' என்ற ஆண்களுக்கான பத்திரிகையின் பதிப்பாளர் ஆனார். முதலாளி வேறொருவர். "விற்பனைக்காக ஒட்டிய பெயர்தானே" என்று நானும் முதலில் நினைத்தேன். ஆனால் பதினான்கு வருடம் அந்த நாற்காலியில் இருந்திருக்கிறார். எழுத்து வேலை தெரிந்துதான் வந்தார் என்பதையும் மறக்கக்கூடாது.

976-க்கு வருவோம். பதிவு செய்த குரலை ஒரு நிமிடத்துக்கும் குறைவாகக் கேட்கும் சேவை. இதைப் பத்திரிகைக்குப் பயன்படுத்திய முன்னோடி என்று லியோனார்டைச் சொல்வார்கள். 1983 மே மாதத்தில் ஒரு நாளைக்கு 8,00,000 அழைப்புகள் வரை வந்ததாக நீதிமன்றத் தீர்ப்பே பதிவு செய்திருக்கிறது. ஒரு அழைப்புக்கு நிறுவனத்துக்குக் கிடைத்தது 2 சென்ட்தான். பெருக்கிப் பாருங்க, ஒரு நாளைக்கு 16,000 டாலர்! தொலைபேசி நிறுவனத்தின் பங்கு தனி.

எனக்கு உறுத்தியது வேறொரு வழக்கு. ஹாலிவுட் நடிகை ஆன்-மார்கரெட் 1978-இல் 'மேஜிக்' படத்தில் ஒரு அரைநிர்வாணக் காட்சியில் நடித்தார். அந்தக் காட்சியின் படத்தை 'ஹை சொசைட்டி'யின் 'செலிபிரிட்டி ஸ்கின்' என்ற தனி இதழில் போட்டுவிட்டார்கள், அவரைக் கேட்காமலே. வழக்குப் போட்டார். 1980-இல் நியூயார்க் ஃபெடரல் நீதிமன்றம் பத்திரிகை பக்கம் தீர்ப்பளித்தது. பிரபலமான நடிகை தானே விரும்பி நடித்த காட்சி, மக்களுக்கு அதில் ஆர்வம் இருக்கும் என்பது வாதத்தின் சாரம்.

அப்போது பதிப்பாளர் லியோனார்ட்தான். கல்லூரி மேடைகளில் ஆபாச எதிர்ப்புப் பெண்ணியவாதிகளோடு மோதியவர் அவர். பெண் தன் விருப்பத்தோடுதான் நடிக்கிறாள், அதைத் தடுக்க நீங்க யார் என்பது அவர் கட்சி. சரி, ஆன்-மார்கரெட்டும் விருப்பத்தோடுதான் நடித்தார், ஆனால் ஒரு திரைப்படத்துக்காக. இந்தப் பத்திரிகைக்கு அவர் சரி சொல்லவே இல்லையே? சட்டம் வேறு, சம்மதம் வேறு. இந்த ஒரு விஷயத்தில் நான் ஆன்-மார்கரெட் பக்கம்.

அதற்காக லியோனார்டை ஒரே வரியில் ஒதுக்கவும் மனசு வரலை. 1983-இல் அன்னி ஸ்ப்ரிங்கிள், கேண்டிடா ரொயால், வெரோனிகா ஹார்ட், வெரோனிகா வேரா ஆகியோருடன் 'கிளப் 90' என்று ஒரு குழு தொடங்கினார்கள். இதே துறைப் பெண்கள் ஒருத்தர் வீட்டில் கூடி, மனம்விட்டுப் பேசிக்கொள்ளும் இடம். அடுத்த வருடமே நியூயார்க்கின் ஃபிராங்க்ளின் ஃபர்னஸ் கலைக்கூடத்தில் அந்தப் பேச்சையே ஒரு மேடை நிகழ்ச்சியாக்கினார்கள். 2014-இல் லியோனார்ட் ஹவாயில் இறந்தார், வயது 73. அந்த மேடை நிகழ்ச்சியைப் பற்றித் தனியாகவே ஒரு பதிவு எழுதவேண்டும்.