இருவரை விட்டுவிட்டு வரமாட்டோம்

1951 நவம்பர் 24. கலிபோர்னியாவின் பாசடீனா நகரில் லயோலா அணியை 20-2 என்று வீழ்த்தியது சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணி. ‘டான்ஸ்’ என்று அழைக்கப்பட்ட அந்த அணிக்கு அது அந்தப் பருவத்தின் ஒன்பதாவது ஆட்டம்; ஒன்பதாவது வெற்றி. தோல்வியும் இல்லை, சமனும் இல்லை.

அமெரிக்கக் கால்பந்து நாம் ஆடும் கால்பந்து அல்ல. நீள்வட்டப் பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, மோதித் தள்ளும் எதிரணியைப் பிளந்து ஓடும் ஆட்டம் அது. கல்லூரி அணிகளில் சிறந்தவற்றுக்குப் புத்தாண்டையொட்டி நடக்கும் ‘பவுல்’ போட்டிகளிலிருந்து அழைப்பு வரும். புகழோடு கணிசமான பணமும் வரும்.

அந்தப் பணம் டான்ஸ் அணிக்கு உயிர்நாடி. இயேசு சபைக் குருமார்கள் நடத்திய அந்தச் சிறிய பல்கலைக்கழகம் கால்பந்தால் கடனில் தவித்தது. ஊரில் ‘நாற்பத்தொன்பதர்கள்’ என்ற தொழில்முறை அணி வந்துவிட்டது. டான்ஸ் ஆடிய அதே கீசார் மைதானத்தில்தான் அவர்களும் ஆடினார்கள். ரசிகர்கள் அந்தப் பக்கம் சாய்ந்தார்கள். பக்கத்திலிருந்த செயின்ட் மேரீஸ் கல்லூரி, முந்தைய பருவத்தோடு தன் அணியையே கலைத்திருந்தது.

பயிற்சியாளர் ஜோ குஹாரிச் இளைஞர்களைக் கசக்கிப் பிழிந்து தயாரித்த அணி இது. இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பியக் களத்தில் நின்று திரும்பிய ஜீனோ மார்ச்செட்டி அதில் இருந்தார். ஓட்டக்காரர் ஆலி மேட்சன் அந்த ஆண்டு 1,566 யார்டு ஓடி, நாட்டிலேயே முதலிடம் பிடித்தார். தாக்கும்போதும் அவர்தான், தடுக்கும்போதும் அவர்தான். நியூயார்க்கில் ஃபோர்டாம் அணிக்கு எதிராக, எதிரணி உதைத்த தொடக்கப் பந்தைப் பிடித்து மைதானத்தின் மறுகோடி வரை ஓடினார். அதுவும் ஒரே ஆட்டத்தில் இரண்டு முறை! 32-26 என்று முடிந்த அந்த ஆட்டத்தை அவர் கால்களே வென்று தந்தன. தடுப்பில் மலைபோல் நின்றவர் பர்ல் டோலர். மேட்சனும் டோலரும் கறுப்பர்கள்.

பெரிய பவுல் போட்டிகள் பலவும் தெற்கே, நிறவெறிச் சட்டங்கள் ஆண்ட மாநிலங்களில் நடந்தன. எதிர்த்து ஆடிய அணிகள் வலுவற்றவை என்று வெளியே ஒரு காரணம் சொல்லப்பட்டது. அணிக்குக் கிடைத்த செய்தி வேறு: அந்த இருவரையும் விட்டுவிட்டு வருவதென்றால் அழைப்பு உண்டு.

அணி மறுத்தது. யோசித்து முடிவெடுக்க அதில் ஒன்றுமே இருக்கவில்லை என்றுதான் ஆட்டக்காரர்கள் பின்னாளில் நினைவுகூர்ந்தார்கள். தெற்கின் வழக்கம் அசைக்க முடியாததும் அல்ல. 1948-லேயே டல்லாஸ் நகரின் காட்டன் பவுலில், பென் ஸ்டேட் அணிக்காக இரண்டு கறுப்பர்கள் ஆடியிருந்தார்கள். மனம் இருந்திருந்தால் 1951-லும் வழி இருந்தது என்பதே என் எண்ணம்.

அழைப்பு வரவில்லை. பணமும் வரவில்லை. பருவம் முடிந்ததும் பல்கலைக்கழகம் கால்பந்தைக் கைவிட்டது. மறுத்தால் தங்கள் அணியே இருக்காது என்ற நிலையில் இருபது வயது இளைஞர்கள் மறுத்தார்கள். அந்த ஒன்பது வெற்றிகளையும்விட இதைத்தான் நான் பெரிதாக மதிக்கிறேன்.

அவர்களில் மார்ச்செட்டி, மேட்சன், பாப் செயின்ட் கிளேர் ஆகிய மூவர் பின்னர் தொழில்முறைக் கால்பந்தின் புகழ்மண்டபத்தில் இடம்பெற்றார்கள். அணியின் செய்தித் தொடர்பாளராக இருந்த பீட் ரோசெல், 1960 முதல் 1989 வரை தேசியக் கால்பந்து லீகின் தலைவர். மேட்சன் 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் 400 மீட்டரில் வெண்கலமும் தொடர் ஓட்டத்தில் வெள்ளியும் வென்றார்.

டோலருக்கு அந்த வாய்ப்புகள் அமையவில்லை. 1952-ல் கல்லூரி நட்சத்திரங்களுக்கான ஆட்டத்தில் முழங்கால் சிதைந்தது. தொழில்முறை ஆட்டம் கனவாகவே போனது. ஆசிரியரானார், சான் பிரான்சிஸ்கோவில் பள்ளித் தலைமையாசிரியரானார். 1965-ல் தேசியக் கால்பந்து லீகின் முதல் கறுப்பின நடுவராகக் களமிறங்கினார். 1980-ல் சூப்பர் பவுல் இறுதிப் போட்டியிலும் நடுவராக நின்றார். 2009-ல் மறைந்தார்.

அவர் படித்த பல்கலைக்கழகத்தில் ஒரு மாணவர் விடுதி, ஜேம்ஸ் ஃபீலன் பெயரில் இருந்தது. கலிபோர்னியா வெள்ளையர்க்கே என்று முழங்கித் தேர்தலில் நின்ற செனட்டர் அவர். 2017-ல் அந்தப் பெயரை நீக்கி, விடுதிக்கு பர்ல் டோலரின் பெயரை வைத்தார்கள்.