நாப்கின் கொடுத்தால் கைது

1981 டிசம்பர் 13. போலந்து அரசு இராணுவச் சட்டத்தை அறிவித்தது. ‘சாலிடாரிட்டி’ தொழிற்சங்கத் தலைவர்கள் சிறைக்குப் போனார்கள். சுவர்களில் எழுதப்பட்ட முழக்கங்களை அரசு பெயிண்ட் பூசி அழித்தது. பூசிய திட்டு மட்டும் அப்படியே நின்றது.

1982 ஆகஸ்ட் இறுதியில், வ்ரோத்ஸ்வாஃப் நகரில் வால்டெமார் ஃபிட்ரிக் என்பவரும் நண்பரும் அந்தத் திட்டுகளின் மீதே தொப்பி போட்ட சித்திரக்குள்ளர்களை வரைந்தார்கள். இப்படி வளர்ந்ததுதான் ‘ஆரஞ்சு மாற்று’ இயக்கம்.

கடையில் நாப்கின் கிடைக்காத காலம் அது. 1988 மார்ச் 8, பெண்கள் தினத்தன்று ஃபிட்ரிக் தெருவில் நாப்கினை இலவசமாகக் கொடுத்தார். கைது செய்தார்கள். ஜூன் 1 அன்று ஆயிரக்கணக்கானோர் ஆரஞ்சுத் தொப்பியோடு தெருவுக்கு வந்தார்கள்.

தோழர்களே, முழக்கம் எழுதியவரைப் பிடித்தால் ‘தேசவிரோதி’ என்று சொல்லிவிடலாம். நாப்கின் கொடுத்தவரையும் தொப்பி போட்டவரையும் பிடித்தால் குற்றம் என்னவென்று எழுதுவது? எழுத உட்கார்ந்தால் அரசுதான் கேலிக்கு ஆளாகும். அரசின் மீதான பயம் அங்கேதான் உடைகிறது.

ஆனால் சிரிப்பு மட்டுமே ஆட்சியை மாற்றிவிடவில்லை. 1988-ல் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அதன் பிறகே அரசு பேச்சுவார்த்தைக்கு வந்தது. 1989 ஜூன் 4 தேர்தலில் சாலிடாரிட்டி வென்றது. கேலி பயத்தைப் போக்கும். பயம் போன மக்களைச் சேர்த்து நிறுத்த அமைப்பு வேண்டும்.