காட்டுவதும் பிரிப்பதும்

2003 பிப்ரவரியில் பிரிட்டிஷ் பிரதமர் அலுவலகம் ஈராக் பற்றி ஓர் ஆவணம் வெளியிட்டது. சதாம் உசேன் ஆயுதங்களை எப்படி மறைத்து வைத்திருக்கிறார் என்று உளவுத்துறை கண்டுபிடித்துச் சொல்வதாக அதற்கு ஒரு தோரணை. அமெரிக்க வெளியுறவு அமைச்சர் காலின் பவல் ஐ.நா. பாதுகாப்புச் சபையில் அதைப் பாராட்டியும் பேசினார். மறுநாளே குட்டு உடைந்தது. கேம்பிரிட்ஜைச் சேர்ந்த கிளென் ரங்வாலா, அதில் பெரும்பகுதி இப்ராஹிம் அல்-மராஷி என்ற ஆய்வாளரின் கட்டுரையிலிருந்து பிழைகளோடு சேர்த்து அப்படியே எடுக்கப்பட்டது என்று காட்டிவிட்டார்.

இதுவரை பலருக்கும் தெரிந்த கதை. அதே ஆவணத்துக்கு நேர்ந்த இன்னொரு அம்பலம் நம்மிடையே அவ்வளவாகப் பேசப்படவில்லை. அதை வேர்டு ஃபைலாகவே இணையத்தில் போட்டிருந்தார்கள். அமெரிக்கரான ரிச்சர்ட் ஸ்மித் அந்த ஃபைலை வேர்டில் திறந்து பார்ப்பதோடு நிறுத்தாமல், ஒரு சின்ன நிரலைக் கொண்டு அதன் உறுப்புகளைப் பிரித்துப் பார்த்தார். கடைசிப் பத்து முறை அதைச் சேமித்தவர்கள் யார், எந்த இடத்தில் சேமித்தார்கள் என்ற பட்டியல் உள்ளே கிடந்தது. நான்கு பேருடைய பெயர்கள். அவர்கள் யார் என்று அந்த ஜூன் மாதம் நாடாளுமன்றக் குழுவின் முன் அலிஸ்டர் கேம்ப்பெல் விளக்கம் சொல்ல வேண்டி வந்தது.

வேர்டின் திரையில் இந்தப் பட்டியல் வரவே வராது. ஃபைல் ஒன்றுதான், ஒரு நிரல் காட்டுகிறது, இன்னொன்று பிரிக்கிறது. வாசிப்பவர்தான் பிரதியை உண்டாக்குகிறார் என்று எண்பதுகளின் இறுதியிலிருந்து சொல்லிச் சொல்லி நமக்கே சலித்துப் போயிற்று. கம்ப்யூட்டர் கோப்பு விஷயத்தில் அது உருவகமே இல்லை, அப்பட்டமான நடைமுறை. டிஎல்எல் என்றும் லைப்ரரி என்றும் சொல்லப்படுகிற அந்தத் துணைநிரல் கோப்புகள் இல்லாவிட்டால் ஆவணம் வெறும் எண் குவியல். நன்னூல் ஒரு பகுபதத்தைப் பகுதி, விகுதி, இடைநிலை, சாரியை, சந்தி, விகாரம் என்று பிரிக்கச் சொல்கிறதே, கிட்டத்தட்ட அந்த வேலையைத்தான் இவை செய்கின்றன. ஒரு வித்தியாசம்: இலக்கணம் எல்லாருக்கும் பொது. வேர்டின் இலக்கணம் ஒரு கம்பெனியின் பெட்டகத்தில் இருந்தது.

அந்த இலக்கணம் எப்படிப்பட்டது என்று கொஞ்சம் பார்க்க வேண்டும். வேர்டு 97இன் ஃபைல் தனக்குள்ளேயே ஒரு சின்ன டிஸ்க் போன்றது. 512 பைட் கொண்ட கட்டங்கள், எந்தக் கட்டத்துக்குப் பிறகு எது என்று சொல்லும் அட்டவணை, அதற்குள் தனித்தனி ஓடைகள். எழுதின வரிசையில்தான் வாக்கியங்கள் உள்ளே இருக்கும் என்பதில்லை. ஃபிளாப்பியும் டிஸ்க்கும் மந்தமாக ஓடிய காலம் அது. ஒரு வரி திருத்தினதற்காக முழு ஃபைலையும் திரும்ப எழுத நேரமாகும். அதனால் 'வேகச் சேமிப்பு' என்று ஒரு வழி வைத்தார்கள். திருத்தம் ஃபைலின் கடைசியில் ஒட்டப்படும், துண்டுகளை எந்த வரிசையில் படிப்பது என்ற அட்டவணை மட்டும் மாறும். நீங்கள் அடித்து நீக்கிய வாக்கியம் போய்விட்டதாகத் திரை சொல்லும். அது அங்கேயேதான் இருக்கும். இயந்திரத்தின் வறுமை ஒரு வடிவமாக உறைந்து, இயந்திரம் வளர்ந்த பின்னும் பல வருஷம் நீடித்தது.

பிரிக்கிற வேலையே ஒரு சரக்காகவும் ஆனது. மூல நிரல் இல்லாமலேயே நூற்றுக்கணக்கான வகை ஃபைல்களைக் காட்டும் 'அவுட்சைடு இன்' என்ற லைப்ரரி இன்ஸோ கம்பெனியிடம் இருந்தது. பிறகு கைமாறி ஸ்டெலண்ட், 2006இல் ஆரக்கிள். அதை மற்ற கம்பெனிகள் தங்கள் சாமானுக்குள் வைத்து விற்றன. பயன்படுத்தியவர்களுக்கு அதன் பெயர்கூடத் தெரியாது. 2012இல் மைக்ரோசாஃப்ட் தன் எக்ஸ்சேஞ்ச் மெயில் சர்வருக்கு ஓர் அபாய அறிவிப்பு வெளியிட்டபோதுதான், மெயிலோடு வரும் இணைப்புகளை அங்கே பிரித்துக் காட்டுவது ஆரக்கிளின் இந்த லைப்ரரி என்பது பலருக்கும் உறைத்தது.

இன்னொரு பக்கம், பெட்டகத்தை வெளியிலிருந்து தட்டித் தட்டிப் பார்த்தவர்கள் இருந்தார்கள். அயர்லாந்தின் கீலன் மக்நமாரா எழுதிய 'டபிள்யூவி', ஆட்ரி வான் ஓஸின் 'ஆன்ட்டிவேர்டு'. தொண்ணூறுகளில் மைக்ரோசாஃப்ட் இந்த வடிவத்தின் விவரக்குறிப்பைக் கொஞ்ச காலம் வெளியே கொடுத்தது, பிறகு எடுத்துக்கொண்டது. எல்லாரும் பார்க்கும்படி திரும்ப வெளியிட்டது 2008 பிப்ரவரியில். அதற்குச் சில மாதம் முன்புதான் ஒரு கூத்து நடந்தது. 2007 செப்டம்பரில் வந்த ஆஃபீஸ் 2003க்கான மூன்றாம் சர்வீஸ் பேக், பழைய வேர்டு வடிவங்களையும் கோரல் டிராவின் ஃபைல்களையும் திறக்க விடாமல் தடுத்தது. அந்த வடிவங்கள் பாதுகாப்பற்றவை என்று காரணம் சொன்னார்கள். கோரல் தரப்பு ஆட்சேபிக்க, 2008 ஜனவரியில் ஒப்புக்கொண்டார்கள்: குறை வடிவத்தில் இல்லை, அதைப் பிரிக்கிற தங்கள் நிரலில். தன் வாசிப்பின் கோளாறுக்குப் பிரதியைத் தண்டிக்கிற வழக்கம் நமக்குப் புதிதா என்ன!

2014 ஏப்ரலில் 'ஆவண விடுதலைத் திட்டம்' என்ற பெயரில், லிப்ரே ஆஃபீஸைப் பராமரிக்கும் டாக்குமென்ட் ஃபவுண்டேஷன், இப்படிச் சிதறிக் கிடந்த பிரிப்பு லைப்ரரிகளை ஒரு கூரைக்குள் கொண்டுவந்தது. வேர்டு பெர்ஃபெக்ட், விசியோ, கோரல் டிரா என நீளும் அந்த வரிசையில் பேஜ்மேக்கரும் சேர்ந்தது. இந்தப் பெயரைக் கேட்டதும் சிறுபத்திரிகைக்காரர்கள் நிமிர்ந்து உட்கார வேண்டும். தொண்ணூறுகளில் தமிழில் எத்தனையோ இதழ்கள் பேஜ்மேக்கரில்தான் பக்கம் கட்டப்பட்டன. அதன் கடைசிப் பதிப்பான ஏழு வந்தது 2001இல்.

சரி, லைப்ரரி பேஜ்மேக்கர் ஃபைலைப் பிரித்துக் கொடுத்துவிடுகிறது என்றே வைத்துக்கொள்வோம். கைக்கு வருவது தமிழா? ஆங்கில எழுத்தும் கொம்பு வைத்த ஐரோப்பிய எழுத்தும் கலந்த ஒரு கூளம். அன்றைய தமிழ் ஃபாண்ட்கள் ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை உட்கார வைத்தன. எதை எங்கே வைப்பது என்பது ஃபாண்ட் செய்தவரின் இஷ்டம். 1999 பிப்ரவரியில் சென்னையில் நடந்த தமிழ்நெட் மாநாட்டையொட்டி டாம், டாப் என்ற குறியீடுகளைத் தமிழக அரசு தரப்படுத்தியது. 2010இல் யூனிகோடும் டேஸ்16உம் ஏற்கப்பட்டன. அதற்கு முந்திய ஃபைல்களை இந்த ஆணைகள் தொடவில்லை. போதாக்குறைக்கு 'கொ' என்ற எழுத்தை அன்று ஒற்றைக்கொம்பு, க, கால் என்று கண்ணுக்குத் தெரிகிற வரிசையில் அடித்தார்கள். யூனிகோடில் ககரம்தான் முதலில் வர வேண்டும். ஆகவே லைப்ரரி பிரித்ததற்குப் பிறகு ஃபாண்டின் அட்டவணையை வைத்து இன்னொரு பிரிப்பு, அப்புறம் ஒரு வரிசை மாற்றம்.

ஃபாண்ட் ஃபைல் தொலைந்திருந்தால், அச்சான இதழையும் அந்தக் கூளத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுத்தெழுத்தாக அட்டவணை கட்டலாம். ரங்வாலா இரண்டு பிரதிகளை ஒப்பிட்டது போன்ற வேலைதான். நடக்கிற காரியம்தான், அச்சுப் பிரதி ஒன்றாவது கையில் இருக்க வேண்டும். பழைய ஃபிளாப்பி வைத்திருக்கும் நண்பர்கள் அதிலேயே ஃபாண்டும் இருக்கிறதா, உறையின் மேல் அதன் பெயரையாவது எழுதியிருக்கிறார்களா என்று இந்த வாரமே ஒருமுறை பார்த்துவிடலாம்.