தீசுக்கோ தாயே

காஞ்சிபுரம் பட்டு என்றதும் ஒரு பழைய தமிழ் ஊர்தான் நினைவுக்கு வரும். ஆனால் அங்கே தறியில் உட்கார்ந்த எல்லோருக்கும் வீட்டுப் பேச்சு தமிழ் அல்ல. கைக்கோளர் என்கிற செங்குந்தர் இந்த மண்ணின் பழைய நெசவாளர்கள். பத்மசாலியரும் தேவாங்கரும் விஜயநகரக் காலத்தை ஒட்டித் தெற்கே பரவியவர்கள். தெலுங்கையும் கன்னடத்தையும் கூடவே கொண்டுவந்தவர்கள்.

நெசவாளிக்குத் தெரு வெறும் நடைபாதை இல்லை. பாவை நீட்டிக் கஞ்சி போடுவது தெருவில்தான். சமூகத்தில் தன் இடம் என்ன என்று காட்டுவதும் அங்கேதான். 1485 வாக்கில் விஜயநகர அதிகாரி ஒருவர், தென்னாற்காட்டுப் பக்கத்துக் கைக்கோளருக்குப் பல்லக்கில் போகவும் சங்கு ஊதவும் உரிமை தந்தார். அதற்கு அவர் காட்டிய முன்னுதாரணம், காஞ்சிபுரத்துக் கைக்கோளருக்கு ஏற்கெனவே இருந்த அதே உரிமை. மண்ணின் மக்களே தெருவில் சங்கு ஊத அனுமதி வாங்கவேண்டியிருந்தது என்றால், பிறகு வந்தவர்கள் என்ன செய்வார்கள்?

தங்கள் சாமியை வீதிக்குக் கொண்டுவந்தார்கள். தேவாங்கரின் குலதெய்வம் சௌடேஸ்வரி. தேவர்களுக்கு ஆடை நெய்யத் திருமாலிடம் நூல் வாங்கித் திரும்பிய தேவல முனிவரை அசுரர்கள் மறித்தபோது, காப்பாற்ற வந்தவள் அவள் என்பது அவர்கள் சொல்லும் கதை. தமிழ்நாட்டில் தேவாங்கர் குடியேறிய பல ஊர்களில் அவள் கோயிலும் விழாவும் உண்டு. கோவை ராஜவீதியில் விஜயதசமியன்று பார்க்கலாம். ஆண்கள் வெற்று மார்பில் கத்தி போட்டுக்கொண்டே அம்மனை அழைத்து வருவார்கள். ரத்தம் வழியும், மஞ்சள் பொடியை அப்பிக்கொண்டு மேலே நடப்பார்கள். வாயில் ஒரே கூவல்: ‘தீசுக்கோ தாயே, தீசுக்கோ!’ ஏற்றுக்கொள் தாயே என்று பொருள். சொல் தெலுங்கு.

இத்தாலியின் நோலா ஊரிலிருந்து நியூயார்க்கின் வில்லியம்ஸ்பர்க் பகுதிக்குப் போனவர்களும் இதைத்தான் செய்தார்கள். 1903 முதல் அங்கே ஜூலை மாதம் ‘ஜிலியோ’ என்னும் நெட்டைக் கோபுரத்தை, வாத்தியக்காரர்களையும் மேலே ஏற்றி, நூறு பேருக்கு மேல் தோள்கொடுத்துத் தூக்குகிறார்கள். தூக்குகிறவர்களில் பலர் இன்று அந்தப் பேட்டையில் குடியில்லை. அன்றைக்கென்று திரும்பி வருகிறார்கள்.

நம் பக்கமும் அதே நிலைதான் வந்துகொண்டிருக்கிறது. காஞ்சிபுரத்துத் தறிக்காரர் பிள்ளைகள் ஒரகடத்துக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் கம்பெனி பஸ் ஏறுகிறார்கள். வந்தேறிகளின் வீட்டு மொழி சமையலறையிலேயே தேய்கிறது. தறியும் பேச்சும் கைவிட்டுப் போன பிறகு, எங்கிருந்து வந்தோம் என்று சொல்ல அந்தக் கூவல் மட்டும் மிஞ்சலாம். அர்த்தம் தெரியாமலே நாளை ஒரு பையன் அதைக் கூவக்கூடும். அம்மனுக்கு அது போதும். நமக்குப் போதுமா?