மிகைமின் வழக்குகள்: விருதுநகர், சிவகாசிப் பிரதேசம்

மின்சாரம் வழங்கும் ஸ்தாபனத்துக்கும் அதைப் பெறும் தொழிற்சாலைக்கும் இடையே, ஒப்புக்கொண்ட அளவை மீறி மின்சாரம் எடுக்கப்பட்டதா, எடுக்கப்பட்டிருப்பின் அதற்குச் செலுத்தவேண்டிய தொகை யாது என்பன பற்றி எழும் விவகாரங்கள் இப்பெயரால் குறிக்கப்பெறும். உயரழுத்த இணைப்பில் மீட்டர் இருவேறு அளவுகளைப் பதிவு செய்கிறது: மாதம் முழுவதும் செலவான யூனிட்டுகள் ஒன்று, வழக்கமாக அரைமணி நேரச் சராசரியாகக் கணக்கிடப்பெறும் உச்சத் தேவை, அதாவது டிமாண்ட், மற்றொன்று. ஆகவே மாதம் முழுதும் சிக்கனமாக நடந்த ஆலையும், ஏதேனும் ஓர் அரைமணியில் எல்லா இயந்திரங்களையும் ஒருசேர ஓட்டிவிட்டால், அம்மாதக் கணக்கில் வரம்பு மீறியதாகவே நிற்கும்.

தொழிற் பின்னணி

1922-இல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழிலைப் பயின்று திரும்பியதிலிருந்து சிவகாசியின் தொழில் அபிவிருத்தி தொடங்குகிறது; பட்டாசும் அச்சுத் தொழிலும் அதன் வழியே வளர்ந்தன. பட்டாசுக்குரிய ரசாயனக் கலவையைக் கையாளும் அறைகளில் தீப்பொறி அச்சம் கருதி மின்சாதனங்கள் கடுமையாகக் கட்டுப்படுத்தப்படுவதாலும், அங்கு வேலை பெரும்பாலும் பகல் வெளிச்சத்தில் கைகளாலேயே நடைபெறுவதாலும், வெளியூரார் எண்ணுவதுபோல் இப்பிரதேசத்தின் மின்பளு பட்டாசுக் கொட்டகைகளில் இல்லை. ஆப்செட் அச்சகங்கள், இயந்திரத் தீப்பெட்டி ஆலைகள், ராஜபாளையம், அருப்புக்கோட்டைப் பகுதிகளின் நூற்பாலைகள் ஆகியவையே அதைத் தாங்குவன. தீபாவளிக்கு முன் பட்டாசுக்குரிய லேபிள்களும், ஆண்டின் இறுதியில் காலண்டர்களும் டைரிகளும் குவிவதால், அச்சகங்களின் தேவை பருவத்துக்குத் தக ஏறி இறங்கும் இயல்புடையது.

ஒப்பந்தத்திலிருந்து சட்டத்துக்கு

1910-ஆம் ஆண்டின் மின்சாரச் சட்டமும், வாரியங்களுக்கு வழிவகுத்த 1948-ஆம் ஆண்டின் வழங்கல் சட்டமும் நிலவிய காலத்தில், 1957 ஜூலை 1-இல் அமைந்த சென்னை மாநில மின்வாரியமே மின்சாரம் வழங்குவதும் கட்டணம் நிர்ணயிப்பதும் ஆகிய இரு காரியங்களையும் செய்து வந்தது. வாரியம் விதிக்கும் வழங்கல் நிபந்தனைகள் வெறும் ஒப்பந்தமல்ல, சட்டபலம் உடையவை என்று ஹைதராபாத் வனஸ்பதி வழக்கில் 1998-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எனினும் அதே நீதிமன்றம், ஹரியானாவின் இரும்பாலை வழக்கொன்றில், மின்வெட்டினால் வாரியமே மின்சாரம் தர இயலாதபோது டிமாண்ட் கட்டணத்தில் விகிதாசாரக் குறைப்புக்கு நுகர்வோர் உரியவர் என்று 1976-லேயே கூறியிருந்தது. கடமை இருபாலதும் என்னும் இக்கொள்கை நினைவிற் கொள்ளத்தக்கது.

1999-இல் தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையம் நிறுவப்பெற்றதால் கட்டண நிர்ணயம் வாரியத்தின் கையிலிருந்து விலகியது. ஆணையத்தின் 2004-ஆம் ஆண்டு வழங்கல் விதித்தொகுப்பு, உயரழுத்த இணைப்பில் மீறிய அளவுக்கு மட்டும் இருமடங்குக் கட்டணம் என வரையறுத்தது.

மின்வெட்டுக் காலம்

2008 நவம்பர் 1 முதல் தமிழ்நாட்டில் நடைமுறைக்கு வந்த கட்டுப்பாடு, ஒவ்வோர் உயரழுத்த இணைப்புக்கும் டிமாண்டிலும் யூனிட்டிலும் ஒதுக்கீடு வகுத்து, மாலை 6 மணி முதல் 10 மணி வரை மிகச் சொற்ப அளவையே அனுமதித்து, மீறியவற்றுக்கு மிகைக் கட்டணம் விதித்தது. 2015-இல்தான் அது நீக்கப்பெற்றது. ஒதுக்கீட்டுக்கு அடிப்படையாக எம்மாதங்களின் நுகர்வை எடுப்பது, சொந்தக் காற்றாலை மின்சாரத்தை எவ்வாறு கழிப்பது என்பன போன்ற வினாக்கள் ஆணையத்தின் முன்னும் உயர் நீதிமன்றத்திலும் வழக்குகளாயின. 2004 ஜூலை 24-இல் மதுரையில் உயர் நீதிமன்றக் கிளை அமைந்தது விருதுநகர் மாவட்டத்தாரின் சென்னைப் பயணத்தைக் குறைத்த பெரும் உபகாரமாகும்.

126-ஆம் பிரிவு

2003-ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 126-ஆம் பிரிவு, அங்கீகாரமற்ற உபயோகத்துக்கு, 2007-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், இருமடங்குக் கட்டணம் விதிக்கிறது. மீறல் எப்போது தொடங்கியது என்று அறிய இயலாவிடின், சோதனைக்கு முந்திய 12 மாதங்களுக்கும் அது கணக்கிடப்படும். ஒடிசாவின் சீதாராம் அரிசி ஆலை வழக்கில், அனுமதித்த பளுவை மீறுதலும் இப்பிரிவின்பாற்படும் என்றும், 135-ஆம் பிரிவின் திருட்டுக்கு வேண்டும் தீய எண்ணம் இதற்கு வேண்டியதில்லை என்றும் உச்ச நீதிமன்றம் 2011-இல் விளக்கிற்று. இதற்கு மாறாகச் சலுகை தந்த கேரள விதியை 2022-இல் அதே நீதிமன்றம் செல்லாததாக்கியது. தாற்காலிக நிர்ணயத்துக்கு ஆட்சேபம் கூறலாம். இறுதி ஆணைக்குப் பின் 30 நாளில் மேல்முறையீடு செய்யலாம். ஆயினும் பாதித் தொகையை முன்னரே கட்டவேண்டும். சிவில் நியாயஸ்தலம் இதில் தலையிடாது.

மதிப்பீடு

டிரான்ஸ்பார்மரும் கம்பியும் பலருக்குப் பொதுவானவையாதலால், ஒருவரது மீறல் அண்டைத் தொழிற்சாலையின் இயந்திரத்தையும் பாதிக்கும். எனவே வரம்பும் அபராதமும் நியாயமே. ஆனால் பருவ நெருக்கடியில் சிறிது மீறிய சிற்றச்சகத்துக்கும், ஆண்டு முழுதும் மறைத்து எடுக்கும் ஆலைக்கும் ஒரே அளவுகோல் பொருந்தாது. பாதித் தொகை கட்ட இயலாதவனுக்கு மேல்முறையீட்டு உரிமை பெயரளவில்தான் உள்ளது. பருவத்துக்கு முன்பே கூடுதல் பளு கோரும் விண்ணப்பம் எளிதாகவும் விரைவாகவும் தீர்க்கப்படுமானால், இவ்வழக்குகளில் கணிசமான பகுதி பிறவாமலே போகும். இவ்விஷயத்தில் நீதிமன்றத்துக்கு முன்னதாக நியாயம் வழங்கவேண்டிய இடம் மின் அலுவலகமே.