நொச்சி மறவர் கோஷ்ட பால்

கொல்கத்தா மைதானத்தின் ஓரமாக ஈடன் தோட்டத்திற்குக் கிரிக்கெட் காணச் செல்லும் நம்மவர் பலரும் ஒரு சிலையைக் கடந்தே செல்கின்றனர். சிலை அமைந்த சாலைக்கும் சிலைக்குரியவர் பெயரே. அவர் யார் என வினவின், வங்கப் பெரியவர் எவரும் மறுமொழி கூறுமுன் ஒரு கணம் நிமிர்ந்து நிற்பார். கோஷ்ட பால் என்னும் அப்பெயருக்கு இந்நகரில் அத்துணை மதிப்பு.

ஆயினும் ஒரு வியப்பு உண்டு. கல்கத்தாக் கால்பந்தின் இரு பெரும் வெற்றிகள் ஐ.எஃப்.ஏ. கேடயமும் கல்கத்தா லீக் முதற்பிரிவுப் பட்டமுமே. மோகன் பகான் அணிக்காகக் கோஷ்ட பால் ஆடிய இருபதுக்கு மேற்பட்ட ஆண்டுகளில் இவ்விரண்டுள் ஒன்றையேனும் அவ்வணி பெற்றதில்லை. கோல் அடித்துப் புகழ் கொண்டவரும் அல்லர் அவர்; கோல் விழாமல் காத்தவர். எயில் வளைப்போரை உழிஞையார் என்றும் எயில் காப்போரை நொச்சியார் என்றும் நம் புறப்பொருள் நூல் பிரித்துப் பேசும். இவர் நொச்சிப் பூச் சூடத் தக்கவர்.

இன்றைய வங்கதேசத்தில் அடங்கிய ஃபரீத்பூர் மாவட்டத்துப் போஜேஸ்வர் என்னும் ஊரில் 1896-ஆம் ஆண்டு ஆகஸ்டு 20-ஆம் நாள் பிறந்தார். இளமையிலேயே வடகல்கத்தாவின் குமார்துலிக்கு வந்து சேர்ந்தார். துர்க்கை பூசைக்கு மண் படிமங்கள் வனையும் குயவர் வாழும் பகுதி அது. பதின்பருவம் கடவாமுன்னரே மோகன் பகான் அணியில் இடம் பெற்றார். அதற்குச் சற்று முன்னர்தான், 1911 ஜூலை 29 அன்று, அவ்வணி கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவை இரண்டுக்கு ஒன்று என வென்று கேடயத்தைக் கைப்பற்றியிருந்தது. பதினொருவருள் பதின்மர் வெறுங்காலர். பூட்ஸ் அணிந்தவர் சுதீர் சாட்டர்ஜி ஒருவரே. எனவே கோஷ்ட பால் மீது அன்று விழுந்த சுமை, வெற்றி பெற்றுவிட்ட ஒரு கழகத்தின் புகழைக் காக்கும் சுமை. முதல் வெற்றியைப் பெறுவதினும் அது கடினம் என்பது என் கருத்து.

இரண்டு பின்காவலர், மூன்று இடைக்காவலர், ஐந்து தாக்குநர் என்பது அன்றைய அணிவகுப்பு. ஐவர் பாய்ந்துவரும் களத்தில், வலப்புறப் பின்காவலராக நின்றார் இவர். எதிரே கனத்த தோல் பூட்ஸ் அணிந்த படைவீரர், இவரோ வெறுங்காலர். உடலின் வலிவும் நிற்கும் இடத்தைத் தேரும் நுட்பமும் இவரிடம் ஒருங்கே இருந்தன. ‘சீனப் பெருஞ்சுவர்’ என்ற பட்டத்தை இவருக்கு வழங்கியது ஆங்கிலேயரின் ‘இங்கிலீஷ்மன்’ நாளேடே என்பர். பகைவரே சூட்டிய வாகை எனலாம்.

அங்ஙனமாயின் பட்டம் கைகூடாதது ஏன்? முதற்காரணம் மழை. கல்கத்தாவில் கால்பந்துப் பருவமும் மழைப் பருவமும் ஒன்று. உலர்ந்த தரையில் வெறுங்கால் விரைவு தரும். சேற்றிலோ அடி வழுக்கும், பூட்ஸ் ஊன்றி நிற்கும். 1923-ஆம் ஆண்டுக் கேடய இறுதியாட்டத்தில் நனைந்த களத்தில் கல்கத்தா கால்பந்துக் கழகத்திடம் மோகன் பகான் மூன்று கோல்களால் தோற்றது. பம்பாய் ரோவர்ஸ் கோப்பை இறுதியிலும் அவ்வாண்டே டர்ஹாம் படையினரிடம் வீழ்ந்தது. மற்றொரு தடை மனிதர் இட்டது. லீக் முதற்பிரிவில் இந்தியக் கழகம் இரண்டுக்கு மேல் கூடாது என்றொரு விதி 1925 வரை நிலவியது. ஆட்டத்தில் வெல்ல இயலாதோர் அட்டவணையில் வேலி கட்டினர்.

1921 முதல் 1926 வரை கழகத் தலைவராக அணியை நடத்தினார். அக்காலத்தில்தான், 1925-இல், சிம்லாவின் டுராண்டு கோப்பையில் ஆட அழைக்கப்பெற்ற முதல் இந்தியக் குடிமக்கள் அணி என்ற பெருமை மோகன் பகானுக்கு வாய்த்தது. 1933-இல் இந்திய அணிக்குத் தலைமை தாங்கி இலங்கை சென்று கொழும்பில் ஆடினார் என்பது ஈழத்து உறவுடைய நம் குடும்பங்கள் அறிந்து மகிழத்தக்க செய்தி.

மறு ஆண்டே காலம் மாறியது. பெங்களூர் முதலிய ஊர்களிலிருந்து வீரரைத் திரட்டி, ஈரத்தரையில் பூட்ஸ் அணிந்தாடவும் பயிற்றிய முகமதன் ஸ்போர்டிங், 1934-இல் லீக் பட்டம் வென்ற முதல் இந்தியக் கழகமாயிற்று. அதனைத் தொடர்ந்து ஐந்தாண்டுகள் விடாது காத்தது. கோஷ்ட பால் ஆடுகளத்திலிருந்து விலகியது 1935-ஐ ஒட்டிய காலம். மோகன் பகான் முதன்முறையாக லீக் வென்றது 1939-இல். கேடயம் மீண்டும் அதன் கைக்கு வந்ததோ நாடு விடுதலை பெற்ற 1947-இல்.

வெறுங்கால் ஆட்டத்தின் முடிவும் தொலைவில் இல்லை. 1948 லண்டன் ஒலிம்பிக்கில் நம்மவர் பெரும்பாலோர் வெறுங்காலோடு ஆடி, பிரான்சிடம் இரண்டுக்கு ஒன்று என நூலிழையில் தோற்றனர். நம் தரப்பின் ஒரே கோலை அடித்தவர் பெங்களூர் சாரங்கபாணி ராமன். நான்காண்டு கழித்து ஹெல்சிங்கியின் குளிரில் யுகோஸ்லாவியா பத்துக்கு ஒன்று என நசுக்கிய பின்னரே பூட்ஸ் கட்டாயமாயிற்று.

1962-இல் கோஷ்ட பாலுக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கப்பெற்றது. கால்பந்து வீரர் ஒருவர்க்கு அவ்விருது கிட்டியது அதுவே முதன்முறை. 1976 ஏப்ரல் 8 அன்று மறைந்தார். சிலை எழுந்தது 1984-இல். அஞ்சல்தலை வெளிவந்தது 1998-இல்.